மாவட்டத்திலிருந்து ஆசியா வரை: இளையோர் சதுரங்கப் போட்டிகள் எப்படி நடக்கின்றன? பிள்ளைகள் எங்கே தடுமாறுகிறார்கள்?

ஆசிய இளையோர் சதுரங்கத்தில் தமிழகப் பிள்ளைகள் பதக்கம் வென்ற செய்தி அடிக்கடி வருகிறது. கழுத்தில் பதக்கம், கையில் தேசியக் கொடி என்று படமும் வரும். அதைப் பார்க்கும் பெற்றோர் பலருக்கும் உடனே எழும் கேள்வி ஒன்றுதான்: "நம்ம பிள்ளையும் நல்லாத்தான் ஆடுது. இதுக்கெல்லாம் எப்படிப் போறது? யார் அனுப்புறாங்க?" அந்தச் செய்தியில் இதற்குப் பதில் இருப்பதில்லை. பள்ளி வளாகத்தில் நடக்கும் மாவட்டப் போட்டிக்கும் வெளிநாட்டு மேடைக்கும் நடுவே பல படிகள் இருக்கின்றன. சில படிகளைத் திறமை இருந்தால் ஏறிவிடலாம். சில படிகளில் பணமும் வேண்டும். எது எந்தப் படி என்று தெரிந்துகொள்வது பெற்றோருக்கு நல்லது. அதைச் சரிசெய்ய வேண்டியது சங்கங்களின், அரசின் பொறுப்பு.

படிக்கட்டு எப்படி அமைந்திருக்கிறது?

உலக அளவில் சதுரங்கத்தை நிர்வகிப்பது ஃபிடே. 1924-இல் பாரிஸில் தொடங்கப்பட்ட அமைப்பு இது. அதன் கீழ் ஆசியா, ஐரோப்பா, ஆப்பிரிக்கா, அமெரிக்கா எனக் கண்ட வாரியான அமைப்புகள் இருக்கின்றன. ஒவ்வொரு கண்டமும் தனக்கென இளையோர் சாம்பியன்ஷிப் நடத்துகிறது. நமக்கு ஆசிய இளையோர் போட்டி. அதற்கும் சிறிய வட்டமாக மேற்கு ஆசிய இளையோர் போட்டி உண்டு. அதிலும் இந்தியா ஆடுகிறது. பள்ளி மாணவர்களுக்கென ஆசியப் பள்ளிகள் போட்டி தனி. காமன்வெல்த் போட்டியிலும் வயதுப் பிரிவுகள் இருக்கின்றன.

இந்தியாவுக்குள் அகில இந்திய சதுரங்கக் கூட்டமைப்பு, அதன் கீழ் மாநிலச் சங்கங்கள், அவற்றின் கீழ் மாவட்டச் சங்கங்கள் என்ற வரிசை. தமிழ்நாடு மாநில சதுரங்கச் சங்கம் 1947-இல் தொடங்கியது. அகில இந்தியக் கூட்டமைப்பு 1951-இல்தான் வந்தது. அதாவது நாட்டுக்கு அமைப்பு வரும் முன்பே இங்கே அமைப்பு வந்துவிட்டது.

பிள்ளை ஏற வேண்டிய வழி பொதுவாக இதுதான். மாவட்டப் போட்டியில் முன்னணி இடம் பிடித்தால் மாநிலப் போட்டி. மாநிலத்தில் முன்னணி இடம் பிடித்தால் தேசியப் போட்டி. தேசியத்தில் முதல் சில இடங்களுக்குள் வந்தால் ஆசிய, உலகப் போட்டிகளுக்கான இந்திய அணியில் இடம். தகுதிப் போட்டி வழியாக வராதவர்கள் கூடுதல் கட்டணம் கட்டி, 'சிறப்பு நுழைவு' என்ற பெயரில் தேசியப் போட்டியில் ஆடும் வழியும் இருந்துவருகிறது.

வயதுக் கணக்கு எப்படிப் பார்க்கிறார்கள்?

சர்வதேச அளவில் 8, 10, 12, 14, 16, 18 வயதுக்கு உட்பட்டோர் என ஆறு பிரிவுகள். ஒவ்வொன்றிலும் 'ஓப்பன்', 'கேர்ள்ஸ்' என இரண்டு. ஓப்பன் என்றால் ஆண் பிள்ளைகளுக்கு மட்டும் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. சிறுமியரும் ஓப்பனில் ஆடலாம்.

பெற்றோர் அதிகம் குழம்புவது பிறந்த தேதியில்தான். போட்டி நடக்கும் நாளில் பிள்ளைக்கு என்ன வயது என்பது கணக்கே இல்லை. அந்த ஆண்டின் ஜனவரி 1-தான் எல்லைக் கோடு. உதாரணமாக, 2025-இல் 8 வயதுப் பிரிவில் ஆட, 2017 ஜனவரி 1 அல்லது அதற்குப் பிறகு பிறந்திருக்க வேண்டும். 10 வயதுப் பிரிவுக்கு 2015 ஜனவரி 1.

இதன் விளைவைக் கொஞ்சம் யோசித்துப் பார்க்க வேண்டும். 2016 டிசம்பர் 31-இல் பிறந்த குழந்தை, 2015 ஜனவரியில் பிறந்த குழந்தையோடு மோத வேண்டும். ஏறக்குறைய இரண்டு வயது மூத்த பிள்ளை அது. ஒரே ஒரு நாள் தள்ளிப் பிறந்திருந்தால் 8 வயதுப் பிரிவில் மூத்த பிள்ளையாக உட்கார்ந்திருக்கலாம். எட்டு வயதில் இரண்டு வருட வித்தியாசம் என்பது மலையும் மடுவும். அதனால் "போன வருஷம் கப்பு வாங்குனான், இந்த வருஷம் என்னாச்சு?" என்று பிள்ளையைக் கேட்பதற்கு முன், அவன் பிரிவு மாறியிருக்கிறானா என்று பார்ப்பது நியாயம்.

இந்தியத் தேசியப் போட்டிகள் பல நேரங்களில் 7, 9, 11, 13 என்று ஒற்றைப்படை வயதில் நடப்பதற்கும் இதே கணக்குதான் காரணம். இந்த ஆண்டு 9 வயதுப் பிரிவுக்குத் தகுதி உள்ள பிள்ளை, அடுத்த ஆண்டு 10 வயதுப் பிரிவுக்குத் தகுதி பெறும். ஆக, இந்த ஆண்டு தேசியப் போட்டியில் வென்றவர்களை அடுத்த ஆண்டின் ஆசிய, உலகப் போட்டிகளுக்கு வயது இடிக்காமல் அனுப்பலாம்.

ஸ்விஸ் முறை என்றால் என்ன?

கிரிக்கெட்டில் தோற்றால் வெளியே. சதுரங்கத்தில் தோற்றாலும் கடைசிச் சுற்று வரை ஆடலாம். இதற்குக் காரணம் ஸ்விஸ் முறை. 1895-இல் சுவிட்சர்லாந்தின் சூரிச் நகரில் முதலில் பயன்படுத்தப்பட்டதால் இந்தப் பெயர்.

வெற்றிக்கு 1, டிராவுக்கு அரை, தோல்விக்கு 0. முதல் சுற்றில் ரேட்டிங் பட்டியலை நடுவில் வெட்டி, மேல்பாதியின் முதல் ஆளும் கீழ்ப்பாதியின் முதல் ஆளும் மோதுவார்கள். அடுத்த சுற்றிலிருந்து ஒரே புள்ளி எடுத்தவர்கள் ஒருவரோடு ஒருவர் மோதுவார்கள். ஒருமுறை ஆடியவரோடு மறுபடி ஆட வேண்டியதில்லை. வெள்ளைக் காயும் கருப்புக் காயும் முடிந்தவரை மாறி மாறி வரும். எண்ணிக்கை ஒற்றைப்படையாக இருந்தால் ஒருவருக்கு 'பை' கிடைக்கும். ஆடாமலே அந்தச் சுற்றின் புள்ளி.

நூற்றுக்கணக்கான பிள்ளைகள் ஆடும் போட்டியை ஒரு வாரத்தில் முடிக்க இதைவிட நல்ல வழி இல்லை. ஒவ்வொரு சுற்றிலும் முழு வெற்றியோடு இருப்பவர்கள் பாதியாகக் குறைவார்கள். அந்தக் கணக்கில் 9 சுற்றுகள், 512 பேர் வரைக்கும் தாங்கும். ஆனால், முதலிடத்தைக் கண்டுபிடிப்பதில் கெட்டிக்காரனான இந்த முறை, மூன்றாவது யார், நான்காவது யார் என்று பிரிப்பதில் அவ்வளவு கெட்டி இல்லை. சிக்கல் அங்கேதான் ஆரம்பிக்கிறது.

"ரெண்டு பேருக்கும் ஏழு பாயிண்ட்தானே?"

பரிசளிப்பு மேடைக்குப் பக்கத்தில் அடிக்கடி கேட்கும் குரல் இது. 9 சுற்றில் இரண்டு சிறுவர்கள் தலா 7 புள்ளி எடுத்திருக்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். ஒருவன் முதல் சுற்றிலும் இரண்டாம் சுற்றிலும் தோற்றுவிட்டு, பிறகு ஏழு ஆட்டமும் வென்றான். இன்னொருவன் முதல் ஏழு ஆட்டமும் வென்றுவிட்டு, கடைசி இரண்டில் தோற்றான். புள்ளி ஒன்றுதான். ஆனால், ஆடிய எதிராளிகள் ஒன்றல்ல. முதல் பையன் கீழ் மேசைகளிலிருந்து ஏறி வந்தவன். இரண்டாவது பையன் ஆரம்பம் முதலே முன்வரிசை மேசைகளில் பலமானவர்களோடு மோதியவன்.

இதை அளக்கும் கருவிதான் 'பக்ஹோல்ஸ்' எனும் டை-பிரேக். எதிராளிகள் எல்லோரும் போட்டி முழுக்க எடுத்த புள்ளிகளைக் கூட்டுவார்கள். கூட்டுத்தொகை அதிகம் என்றால் கடினமான பாதையில் வந்தவர் என்று பொருள். இங்கே பெரும்பாலும் இரண்டாவது பையன்தான் மேலே வருவான். இருவரும் நேருக்கு நேர் ஆடியிருந்தால் அந்த முடிவு, வென்ற எதிராளிகளின் பலத்தைக் கணக்கிடும் 'சோன்போர்ன் பெர்கர்' என வேறு அளவுகோல்களும் உண்டு. எது முதலில், எது பிறகு என்பது போட்டி அறிவிப்பிலேயே அச்சாகியிருக்கும். அதை முன்கூட்டியே படித்துவிட்டால் பாதிச் சண்டை குறையும்.

டை-பிரேக் ஒன்றும் கடவுளின் தீர்ப்பு அல்ல. 2002 உலக இளையோர் போட்டியின் 12 வயதுப் பிரிவில் இரண்டு சிறுவர்கள் சம புள்ளி எடுத்தார்கள். டை-பிரேக்கில் தங்கம் ரஷ்யாவின் இயான் நெபோம்னியாஷிக்குப் போனது. இரண்டாம் இடத்தோடு வீடு திரும்பிய நார்வே சிறுவனின் பெயர் மேக்னஸ் கார்ல்சன். பத்தொன்பது ஆண்டுகள் கழித்து, 2021-இல் துபாயில் உலக சாம்பியன் பட்டத்துக்காக இதே இருவரும் மோதினார்கள். அப்போது வென்றவர் கார்ல்சன்.

மண்டபத்துக்குள் என்ன விதி?

நீண்ட நேர ஆட்டங்களில் பெரும்பாலும் ஒவ்வொருவருக்கும் 90 நிமிடம், கூடவே ஒவ்வொரு நகர்த்தலுக்கும் 30 விநாடி. 60 நகர்த்தல் வரை போகும் ஆட்டம் நான்கு மணி நேரம் இழுக்கலாம். சில நாட்களில் இரண்டு சுற்றுகள்கூட இருக்கும். எட்டு வயதுப் பிள்ளை அவ்வளவு நேரம் உட்கார வேண்டும் என்பதை நினைத்தாலே, திறமையோடு தூக்கமும் சாப்பாடும் எவ்வளவு முக்கியம் என்று புரியும்.

தொட்ட காயைத்தான் ஆட வேண்டும். விதிக்கு மாறான நகர்த்தலை முதல் முறை செய்தால் எதிராளிக்கு இரண்டு நிமிடம் கூடுதலாகக் கிடைக்கும். இரண்டாம் முறை செய்தால் ஆட்டமே போய்விடும். நகர்த்தல்களைத் தாளில் எழுதிக்கொண்டே வர வேண்டும். செல்பேசியோ, நடுவர் அனுமதிக்காத வேறு மின்னணுக் கருவியோ கையில் இருப்பது தெரிந்தால் தோல்வி. அணைத்து வைத்திருந்தேன் என்ற சமாதானம் எடுபடாது. பெற்றோர் பொதுவாக மண்டபத்துக்கு வெளியேதான். சந்தேகம் வந்தால் பிள்ளையே கையை உயர்த்தி நடுவரைக் கூப்பிட வேண்டும். "பயப்படாம ஆர்பிட்டரைக் கூப்பிடு" என்று சொல்லிக்கொடுப்பதும் ஒரு பயிற்சிதான். எதிராளி தவறாகச் சொன்னதை நம்பி, வெல்ல வேண்டிய ஆட்டத்தை விட்டுக்கொடுத்த பிள்ளைகள் எல்லா மாவட்டத்திலும் உண்டு.

ரேட்டிங் ஏன் இப்படி ஏறி இறங்குகிறது?

ஃபிடே ரேட்டிங்கின் அடித்தட்டு 2024 மார்ச் முதல் 1400. ஒவ்வொரு ஆட்டத்துக்கும் ஒரு எதிர்பார்ப்பு உண்டு. 200 புள்ளி அதிகம் உள்ளவர் வெல்லும் வாய்ப்பு ஏறக்குறைய 76 சதவீதம், குறைவாக உள்ளவருக்கு 24 சதவீதம் என்று கணக்கு. எதிர்பார்த்ததற்கும் நடந்ததற்கும் உள்ள வித்தியாசத்தை ஒரு எண்ணால் பெருக்குவார்கள். 18 வயது வரை, 2300-ஐத் தொடாதவர்களுக்கு அந்த எண் 40. பெரியவர்களில் பெரும்பாலோருக்கு 20.

1450 உள்ள சிறுமி 1650 உள்ளவரை வென்றால் சுமார் 30 புள்ளி கூடும். அதே வெற்றி பெரியவருக்கு 15 தான் தரும். தோற்றாலும் இதே வேகம்தான். 1650 உள்ள பிள்ளை 1450-யிடம் தோற்றால் ஒரே ஆட்டத்தில் 30 போச்சு. ஆக, ஒரு போட்டியில் ரேட்டிங் சரிந்தால் திறமை சரிந்தது என்று அர்த்தமில்லை. வளரும் பிள்ளையின் எண் ஆடத்தான் செய்யும்.

பதக்கத்துக்கு வேறு மதிப்பும் உண்டு. கண்ட அளவிலான இளையோர் போட்டிகளில் முன்னணி இடம் பிடித்தால் கேண்டிடேட் மாஸ்டர், ஃபிடே மாஸ்டர் போன்ற பட்டங்கள் நேரடியாகக் கிடைக்க வாய்ப்பு இருக்கிறது. சாதாரண வழியில் இவற்றுக்கு முறையே 2200, 2300 ரேட்டிங் தொட வேண்டும்.

பணம் எங்கே நுழைகிறது?

இங்கேதான் அசல் பிரச்சினை. சர்வதேச இளையோர் போட்டிகளில் ஒவ்வொரு நாடும் ஒவ்வொரு பிரிவுக்கும் ஒரு அதிகாரப்பூர்வ வீரரை அனுப்பலாம். அவருடைய தங்குமிடத்தையும் உணவையும் போட்டியை நடத்துபவர்கள் ஏற்பது வழக்கம். அதற்கு மேல் போகிறவர்கள் 'கூடுதல் வீரர்கள்'. விமான டிக்கெட், விசா, நுழைவுக் கட்டணம், தங்குமிடம் எல்லாம் குடும்பத்தின் தலையில். பல போட்டிகளில் நடத்துபவர்கள் குறிப்பிடும் விடுதியில்தான் தங்க வேண்டும், அவர்கள் சொல்லும் விலையில். எட்டு வயதுப் பிள்ளையைத் தனியாக அனுப்ப முடியாது. கூடப் போகும் அம்மா அல்லது அப்பாவுக்கும் செலவு. வேலைக்கு விடுப்பு வேறு.

இப்போது முந்தைய கணக்கையும் இதையும் சேர்த்துப் பாருங்கள். தேசியப் போட்டியில் முதல் இடத்துக்கும் இரண்டாம் இடத்துக்கும் நடுவே சில நேரம் இருப்பது டை-பிரேக்கின் அரைப் புள்ளி மட்டும். அந்த அரைப் புள்ளிதான் ஒரு குடும்பம் நகையை அடகு வைக்க வேண்டுமா, வேண்டாமா என்று தீர்மானிக்கிறது. பலகையின் மேல் எல்லோரும் சமம். பலகையை விட்டு எழுந்தால் சமம் இல்லை.

இது கற்பனைப் பயம் அல்ல. 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் டிங் லிரனை வென்று 18 வயதில் உலக சாம்பியனான குகேஷ், 2018 ஆசிய இளையோர் போட்டியில் 12 வயதுப் பிரிவில் ஐந்து தங்கம் வென்றவர். அதே ஆண்டு ஸ்பெயினில் உலக 12 வயதுப் பட்டமும் வென்றார். அவருடன் பயணம் செய்வதற்காக அவருடைய தந்தை, அறுவை சிகிச்சை மருத்துவர், தன் தொழிலையே நிறுத்திவைத்தார். பெற்றோரின் நண்பர்கள் கைகொடுத்த காலமும் இருந்தது. இரண்டு மருத்துவத் துறையினர் உள்ள வீட்டிலேயே நிலைமை அப்படி என்றால், நெசவுத் தறியையோ ஆட்டோவையோ நம்பியிருக்கும் வீட்டில் பிறந்த குகேஷ் என்ன செய்வார்? அப்படி ஒருவர் ஏற்கெனவே வந்து, மாநிலப் போட்டியோடு நின்றுபோயிருக்கலாம். நமக்கு எப்படித் தெரியும்?

ஊர் வித்தியாசமும் உண்டு. சென்னை, கோவை போன்ற நகரங்களில் ரேட்டிங் போட்டிகள் அடிக்கடி நடக்கின்றன. சிறிய மாவட்டத்துப் பிள்ளை ஒவ்வொரு ரேட்டிங் புள்ளிக்கும் பேருந்து ஏற வேண்டும்.

பெண் பிள்ளைகள் எங்கே நிற்கிறார்கள்?

வைஷாலி 2012-இல் உலக 12 வயதுப் பிரிவிலும் 2015-இல் 14 வயதுப் பிரிவிலும் சிறுமியர் பட்டம் வென்றார். அதே 2015 போட்டியில் தம்பி பிரக்ஞானந்தா 10 வயதுப் பிரிவில் தங்கம் வென்றார். ஒரே வீடு, ஒரே பலகை. ஆனால் நாடு முழுக்க அப்படி இல்லை. 2025 நிலவரப்படி இந்தியாவில் 80-க்கும் மேற்பட்ட கிராண்ட் மாஸ்டர்கள். அவர்களில் பெண்கள் நான்கே பேர்: கோனேரு ஹம்பி, ஹரிகா, வைஷாலி, திவ்யா தேஷ்முக்.

சின்ன வயதுப் பிரிவுகளில் மேசை நிறைய உட்காரும் சிறுமிகள், பத்தாம் வகுப்பு நெருங்கும்போது குறைகிறார்கள். வெளியூர்ப் பயணத்துக்குக் கூட யார் போவது, படிப்பு என்னாவது என்ற கேள்விகள் பையன்களைவிட அவர்களை முன்னதாகவே நிறுத்திவிடுகின்றன. திறமைக் குறைவு இதற்குக் காரணம் அல்ல.

என்ன செய்யலாம்?

முதலாவது, தேர்வு விதிகள். எந்தத் தேசியப் போட்டியில் எத்தனையாவது இடம் எந்தச் சர்வதேசப் போட்டிக்குத் தகுதி என்பது ஆண்டின் தொடக்கத்திலேயே தமிழிலும் கிடைக்க வேண்டும். டை-பிரேக் வரிசையும் அதில் இருக்க வேண்டும். ஆட்டம் முடிந்த பிறகு விதியைத் தேடும் நிலை எந்தப் பெற்றோருக்கும் வரக் கூடாது.

இரண்டாவது, பயண நிதி. அரசு பதக்கம் வென்ற பிறகு காசோலை தருகிறது. அது நல்லதுதான். ஆனால் காசு அதிகம் தேவைப்படுவது போகும் முன். தேசியப் போட்டியில் முதல் மூன்று இடங்களுக்குள் வந்த, வருமானம் குறைந்த குடும்பத்துப் பிள்ளைக்கு ஒரு பெற்றோருடன் செல்லும் செலவை முன்பணமாகத் தரலாம். 2022-இல் மாமல்லபுரத்தில் உலக நாடுகளை அழைத்து ஒலிம்பியாட் நடத்திக் காட்டிய மாநிலத்துக்கு இது பெரிய தொகை அல்ல.

மூன்றாவது, காலண்டர். தேர்வு நேரத்தில் போட்டி வைக்காமல் இருப்பதும், போட்டிக்குப் போகும் பிள்ளைக்கு வருகைப் பதிவில் சலுகை தருவதும் பள்ளிக் கல்வித் துறையும் சங்கமும் பேசி முடிக்கக்கூடிய விஷயம். சில தனியார் பள்ளிகள் செய்வதை அரசுப் பள்ளிக்கும் உரிமையாக்க வேண்டும்.

நான்காவது, பரவல். ஆண்டுக்குச் சில ரேட்டிங் போட்டிகளாவது ஒவ்வொரு மாவட்டத்திலும் குறைந்த கட்டணத்தில் நடக்க வேண்டும். சிறுமியருக்குக் கட்டணத்தில் பாதியைக் குறைத்தாலே வீட்டில் நடக்கும் விவாதம் மாறும்.

'சிறப்பு நுழைவு' வேண்டாம் என்று சொல்ல வேண்டியதில்லை. அந்தப் பணமும் போட்டி நடத்த உதவுகிறது. அதில் ஒரு பங்கை ஏழைப் பிள்ளைகளின் நுழைவுக் கட்டணத்துக்கு ஒதுக்கி, கணக்கை வெளியிட்டால் போதும்.

பெற்றோருக்கும் ஒரு வார்த்தை. எட்டு வயதில் ஆசியப் போட்டிக்குப் போகாவிட்டால் எல்லாம் முடிந்துவிடாது. கடன் வாங்கி வெளிநாடு போவதைவிட, ஓராண்டு உள்ளூரிலேயே நல்ல போட்டிகளில் ஆடினால் பல பிள்ளைகள் அதிகம் வளர்வார்கள். கார்ல்சனுக்கு அன்று கிடைக்காத தங்கம் அவரைத் தடுத்துவிடவில்லை.

ஆனால் கார்ல்சனுக்கு அடுத்த போட்டி இருந்தது. அதுதான் வித்தியாசம். டை-பிரேக்கில் இடம் தவறிய பிள்ளைக்கும் அடுத்த போட்டி இருக்கிறது என்ற நம்பிக்கையைக் கொடுக்க முடிந்தால், அதற்குப் பிறகு ஜெயிப்பதும் தோற்பதும் அந்தப் பிள்ளையின் கையில்.